இடைவேளை மட்டும் பதிவாகியிருந்தது

"ஹலோ... ஹலோ... சாருங்களா? ... அக்காவா! அக்கா, நான்தான். ... ஆமா, ஆமா, படம் எடுக்க வந்தோமே, அதே ஆள்தான். ... இல்லக்கா, அழல. சிரிக்கிறேன். ... ஐயோ, யாருக்கும் ஒண்ணும் ஆகல. ... காரணம் இருக்கு, சொல்றேன். இருங்க, ஒரு வாய் தண்ணி குடிச்சுக்கறேன்..."

குடித்த தண்ணீர் புரையேறியது. கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வர, போனை மார்போடு அழுத்திப் பிடித்துக்கொண்டு அவள் இருமினாள், இருமலுக்கு நடுவிலும் சிரித்தாள். அந்த எடிட்டிங் அறை மூன்று பேர் இருமுவதற்குக் கட்டியதல்ல. ஜன்னலை மறைத்து ஒரு தடித்த திரை, இரண்டு நாற்காலி, ஒரு பெரிய திரை. அதில் ஒரு பெரிய மனிதரின் முகம், பாதி திறந்த வாயோடு அப்படியே நின்றுபோயிருந்தது. அவர் மடியில் ஒரு பூனை.

எடிட்டரை எல்லோரும் கத்தரி என்று கூப்பிடுவார்கள். அவள் தன் கழுத்தைக் கையால் அறுத்துக் காட்டி, 'சொல்லாதே, சொல்லித் தொலைக்காதே' என்று வாயசைத்துக்கொண்டிருந்தாள். கேமராக்காரர் மேஜைக்கு அடியில் இருந்தார். ஏதோ ஒயரைத் தேடுகிறேன் என்று குனிந்தவர் நிமிரவே இல்லை. அவர் இவளுடைய வீட்டுக்காரர்.

"ஆங், இப்போ சரியாயிடுச்சுக்கா. ... டிவியில எப்போ வரும்னு இன்னும் தெரியல. ... ஆமா, நீங்க தண்ணி கொண்டு வந்தது வரும். கட்டாயம் வரும். அது மட்டும் பிரமாதமா வந்திருக்கு! ... அந்தப் புடவைதான், நல்லாத்தான் இருக்கு. ... அவர் இருக்காரா? ... தூங்கறாரா? எழுப்புங்க. ... இல்ல, வேணாம், எழுப்பாதீங்க. ... இல்லக்கா, எழுப்பிடுங்க. இப்போ விட்டா எனக்குத் தைரியம் போயிடும்."

போனை எடுத்த மனைவி எழுப்பி, திரையில் இருந்த அந்தப் பெரிய மனிதர் எழுந்து வருகிற நேரத்தில் அவரைப் பற்றிச் சொல்லிவிடலாம். 'வந்தவர்கள் போக வேண்டும்' என்ற இயக்கத்துக்கு நெடுங்காலம் குரலாக இருந்தவர் அவர். கூட வந்தவர்களுக்கு அவர் அண்ணன். கேட்டுப் பயந்தவர்களுக்குப் பீரங்கி. இவள் குடும்பம் 'வந்தவர்கள்' பக்கம். தாத்தா காலத்தில் வந்து, இங்கேயே பிறந்து, இங்கேயே படித்து, இன்னும் வந்தவர்களாகவே இருந்தவர்கள். ஓர் ஊர்வலத்தின்போது கடைத்தெருவின் ஒரு முனையில் வேன் மேல் ஏறி நின்று அவர் பேசினார். மறு முனையில் கடைகள் எரிந்தன. அதில் ஒன்று ரேடியோ ரிப்பேர் கடை. ஷட்டரை உள்பக்கமாக இழுத்து விட்டுக்கொண்டு அதற்குள் இருந்தவன் இவளுடைய அண்ணன்.

புகை கிளம்புவதற்கு முன்பே வேனிலிருந்து இறங்கி வீட்டுக்குப் போய்விட்டேன் என்றுதான் அவர் எல்லா இடத்திலும் சொல்லியிருந்தார். விசாரணையில் சொன்னார், பேட்டிகளில் சொன்னார். அண்ணி மட்டும் அதை நம்பவும் முடியாமல், நம்பாமல் இருக்கவும் முடியாமல் கிடந்தாள். 'அந்த ஆளுக்குத் தெரியுமா, தெரியாதா? அதை மட்டும் யாராவது சொல்லிட்டா நான் தூங்கிடுவேன்' என்பாள். இவள் படம் எடுக்கக் கிளம்பியதே அதற்காகத்தான். கேட்பவர்களிடம் மட்டும், 'வெறுப்பைப் பற்றி ஓர் உரையாடல்' என்று பெரிதாகச் சொல்லிக்கொள்வாள்.

"சார், வணக்கம். ... தூக்கத்தைக் கெடுத்துட்டேன், மன்னிச்சுக்கோங்க. ... நல்லா இருக்கேன். ... சார், ஒரு விஷயம். நல்ல விஷயமா கெட்ட விஷயமான்னு கேக்காதீங்க. எனக்கே தலைகால் புரியல. மொதல்ல உக்காருங்க. ... நாற்காலியில உங்க பூனை படுத்திருக்காளா? ... அப்போ ஸ்டூல்ல உக்காருங்க. அவளை எழுப்பாதீங்க."

இதைச் சொல்லும்போதே மறுபடியும் சிரிப்பு பீறிட்டுக்கொண்டு வந்தது. உள்ளங்கையைக் கடித்துக்கொண்டாள்.

"சொல்லிடறேன் சார். அன்னைக்கு மதியம் பூரா பேசினீங்களே... தொண்டை கட்டற அளவுக்கு... அது பதிவாகல. ... பதிவாகலன்னா, பதிவாகல சார். ... ஒண்ணுமே. ... ஒரு வார்த்தைகூட. ... அந்த எழுச்சி பத்தினதா? அதுவும் இல்ல. ... வரலாறு? போச்சு. ... சின்ன வயசுல நீங்க பட்ட கஷ்டமா? அதுவும் போச்சு சார்."

பீரங்கி வெடித்தது. அவள் போனைக் காதிலிருந்து முழ நீளம் தள்ளிப் பிடித்தாள். அறைக்குள் எல்லோருக்கும் கேட்டது. மேஜைக்கு அடியில் இருந்த முதுகு இன்னும் கொஞ்சம் சுருங்கியது.

"ஆமா... ஆமா... நியாயம்தான்... ஆமா சார், திட்டுங்க, திட்ட வேண்டியதுதான். ... இல்ல இல்ல, சதி எல்லாம் இல்ல! உங்க பேச்சை மறைக்கறதுக்கு நான் ஏன் சார் கேமரா தூக்கிட்டு அவ்வளவு தூரம் வரணும்? வீட்டுலயே இருந்திருப்பேனே. ... எப்படி ஆச்சுன்னா, கேளுங்க. கேமரா முன்னாடி ஒரு சின்ன சிவப்பு லைட் எரியும். நீங்க என்னைப் பார்க்காம அதையே பார்த்துப் பேசினீங்க. அதனால அது மேல கறுப்பு டேப் ஒட்டினார். பின்னாடி ஸ்க்ரீன்ல எழுத்தா ஓடி உங்க முகத்தை மறைக்குதுன்னு அதை எடுக்கச் சொன்னது நான். ஆக, ஓடுதா நிக்குதான்னு பார்க்க வழியே இல்ல. அழுத்தினா ஓடும், இன்னொரு தடவை அழுத்தினா நிக்கும், ரெண்டுக்கும் ஒரே பட்டன். மொதல்ல சரிபார்க்க ஒரு தடவை அழுத்தினவர் அதை மறந்துட்டார். அப்புறம் நான் 'ஓடட்டும்'னு சொன்னப்போ நிறுத்தியிருக்கார். 'போதும்'னு சொன்னப்போ ஓட விட்டிருக்கார். ... ஆமா, மதியம் பூரா! நீங்க முழங்கினப்போ எல்லாம் கேமரா தூங்கியிருக்கு. நீங்க மூச்சு வாங்கினப்போ எல்லாம் முழிச்சுக்கிட்டிருக்கு."

கத்தரி சிரிப்பை அடக்க முடியாமல் திரைச்சீலைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

"யாரா? எங்க வீட்டுக்காரர்தான் சார். ... வேலையைவிட்டுத் தூக்கலாம், வீட்டைவிட்டுத் தூக்க முடியாதே. ... இங்கதான் இருக்கார். ... இல்ல, இப்போ பேசற நிலைமையில இல்ல. ... பரவால்ல, அக்கா உங்களை எத்தனை வருஷமா வெச்சுக் காப்பாத்தறாங்க, நான் இவரைக் காப்பாத்த மாட்டேனா? ... ஆங், சிரிச்சுட்டீங்க! சிரிச்சீங்க சார், எனக்குக் கேட்டுது."

எதிர்முனையில் சிரிப்பு உடனே நின்றது. கம்பீரம் திரும்பி வந்தது. அதுவும் எப்படி வந்தது தெரியுமா, முழுப் பேச்சோடு வந்தது.

"இப்பவேவா? போன்லயா? ... சார், அது இப்படி போன்ல... சார்... ஆமா... ஆமா... சார், ஒரு நிமிஷம்... ஆமா..."

அவர் ஆரம்பித்துவிட்டார். ஒலிவாங்கி இல்லை, மேடை இல்லை, எதிரே ஒரு சுவரும் தூங்குகிற பூனையும்தான் இருந்திருக்கும். ஆனாலும் குரல் படிப்படியாக ஏறியது. அவள் கேட்டுக்கொண்டே நின்றாள். அவள் உதடுகள் அசைவதைக் கத்தரிதான் முதலில் பார்த்தாள். அவர் சொல்வதற்கு ஒரு நொடி முன்பாக அவள் வாய் அதே சொல்லைச் சொல்லிக்கொண்டிருந்தது. அண்ணன் போன நாளில் பேசிய பேச்சு அது. யாரோ போனில் எடுத்து ஊரெல்லாம் அனுப்பிய அந்தத் துண்டை அவள் எத்தனை முறை கேட்டிருப்பாள் என்று அவளுக்கே தெரியாது. கத்தரியின் சிரிப்பு அடங்கிப்போனது.

"சார்... போதும் சார்... சார், நான் சொல்றதை... யோவ், நிறுத்துய்யா கொஞ்சம்!"

அறையே திகைத்தது. மேஜைக்கு அடியிலிருந்து ஒரு தலை வெளியே வந்தது.

"ஐயையோ! மன்னிச்சுக்கோங்க, வாய் தவறிடுச்சு. வீட்டுல பேசற பழக்கம் சார், இவரை அப்படித்தான்... ... என்னது? யாருமே சொன்னதில்லையா? ... இத்தனை வருஷத்துல ஒருத்தர்கூடவா? ... அக்காகூடவா? ... அப்போ நான்தான் மொதல் ஆளா? ஆண்டவா! ... இல்ல சார், இனிமே சொல்லல. ... அண்ணேன்னா? ... அது வேணாம் சார். யோவ்னு வேணா கூப்பிடறேன், அண்ணேன்னு மட்டும் வராது. அது எனக்கு ஒருத்தர்தான் இருந்தார். ... கோபமெல்லாம் இல்ல. சும்மா சொன்னேன். சாரே இருக்கட்டும்."

பிறகு அவர்தான் கேட்டிருக்க வேண்டும்.

"என்ன பதிவாகியிருக்கா? அதைச் சொல்லத்தான் சார் கூப்பிட்டேன்! இடைவேளை எல்லாம் பதிவாகியிருக்கு. இடைவேளை மட்டும்தான் பதிவாகியிருக்கு. ... சொல்றேன், சிரிக்கக் கூடாது. நான் சிரிப்பேன், நீங்க சிரிக்கக் கூடாது. மொதல்ல, சட்டையில மைக் மாட்டறப்போ வயித்தை உள்ள இழுத்துக்கிட்டு 'தொப்பை தெரியுதா'ன்னு கேட்டீங்க பாருங்க, அது. ... ஆமா, தெரியுது. நல்லாவே தெரியுது. அப்புறம் அக்கா வந்து, 'டாக்டர் கத்தக் கூடாதுன்னு சொன்னாரா இல்லையா, விருந்தாளிகளை உக்கார வெச்சு என்ன கூப்பாடு'ன்னு திட்டினது. நீங்க, 'இது கூப்பாடு இல்லம்மா, கொள்கை'ன்னு சொன்னது. அதுக்கு அக்கா, 'கொள்கையைக் கொஞ்சம் மெதுவா சொல்லுங்க'ன்னது... ... சார், நீங்க சிரிக்கிறீங்க. ... அப்புறம் உங்க ராசாத்தி."

பூனையைச் சொன்னதும் அவள் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். நின்றுகொண்டு அதைச் சொல்ல முடியாது போலிருந்தது.

"நீங்க டீ குடிக்க எழுந்தீங்க. அவ வந்து உங்க நாற்காலியில ஏறிட்டா. நீங்க வந்து பார்த்தீங்க. ஓரமா நின்னீங்க. 'எழுந்திரு கண்ணு, மாமா உக்காரணும்'னு கெஞ்சினீங்க. அவ ஒரு கண்ணைத் திறந்து பார்த்துட்டு மூடிக்கிட்டா. ... ஆமா, எல்லாம் இருக்கு. அந்தக் கொஞ்சல், அந்தக் குரல், எல்லாம்! நான் கேட்டேன், 'இது எங்க வாங்கின பூனை?' நீங்க சொன்னீங்க, 'வாங்கல, தானா வந்துச்சு. மழைக்கு வாசல்ல வந்து நின்னுச்சு.' சார், உங்க பேச்சுல என்ன வரும்? 'நேற்று வந்தான், நிற்க இடம் கேட்டான். நின்றவன், உட்கார நாற்காலி கேட்டான். உட்கார்ந்தவன், உன்னை எழுந்து போகச் சொன்னான்.' வரி பிசகாம நடந்திருக்கு சார்! உங்க வீட்டுலயே! நீங்களே ஸ்டூலைத் தேடிப் போறீங்க!"

அவளால் மேற்கொண்டு பேச முடியவில்லை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு குலுங்கினாள். கேமராக்காரரும் வெளியே வந்து, தரையில் கால் நீட்டி உட்கார்ந்து, அசடு வழியச் சிரித்தார். எதிர்முனையிலும் ஏதோ ஒரு கரகரப்பு கேட்டுக்கொண்டிருந்தது. அது இருமலா சிரிப்பா என்று சொல்ல முடியாது.

அந்தக் கரகரப்பு மெல்ல நின்றது.

"சார்? ... இருக்கேன். ... ஆமா. ... அதுக்கப்புறமும் ஓடிச்சு. ... பூனையோட சேர்ந்து ஓரமா உக்காந்தீங்களே, அதுவும். மடியில போட்டுக்கிட்டு அடுத்து பேச வேண்டியதை வாய்க்குள்ள சொல்லிப் பார்த்தீங்களே, அதுவும். ... ஒரு வரி மறந்துபோய் முழிச்சீங்க. நான் எடுத்துக் குடுத்தேன். ... ஆமா. 'உங்களுக்கு எப்படித் தெரியும்'னு கேட்டீங்க, எங்க அண்ணனைப் பத்திச் சொன்னேன். ... ஆமா சார்."

அவள் குரல் இறங்கியது.

"அதுவும் இருக்கு."

போனுக்குள் ஒரு கடிகாரம் அடிப்பது கேட்டது. எங்கேயோ ஒரு பாத்திரத்தை வைக்கும் ஓசை.

"சார், நான் 'கேமரா நிக்குது, நிம்மதியா இருங்க'ன்னு சொன்னேன். நிக்குதுன்னு நம்பித்தான் சொன்னேன். அன்னைக்கு வண்டியில திரும்பி வர்றப்போ எங்க வீட்டுக்காரர்கூட ஒரு வார்த்தை பேசல நான். இத்தனை வருஷமா கேக்க நினைச்ச ஒண்ணைக் கேட்டுட்டேன், அது காத்துல போயிடுச்சேன்னு. இன்னைக்குக் காலையில கத்தரி கார்டைப் போட்டா, அது இருக்கு. குதிச்சேன் சார். நிஜமா குதிச்சேன், கீழ்வீட்டுக்காரங்க மேல வந்து கேட்டாங்க. ... ஆமா, சத்தமில்லாம படத்துல சேர்த்திருக்கலாம். இங்க ரெண்டு பேரும் அதைத்தான் சொல்றாங்க. கத்தரி இன்னும் கழுத்தை அறுத்துக் காட்டிட்டு இருக்கா."

கத்தரி கையைச் சட்டென்று கீழே போட்டாள்.

"ஆனா நிக்குதுன்னு சொன்னது என் வாய். அதனாலதான் கேக்கறேன். போட்டுக்கட்டுமா? ... வேணாம்னா? வேணாம்னா எடுத்துடுவேன். அப்புறம் படமே இல்ல. உங்க தொப்பையும் பூனையும்தான் மிச்சம். ... இல்ல, மிரட்டல சார். உள்ளதைச் சொல்றேன். ... திரும்ப வந்து பேச்சை எடுக்கறதா? பேச்சு ஊரெல்லாம் இருக்கு சார், அதுக்கு நான் எதுக்கு? ... என்ன சொன்னீங்கன்னு உங்களுக்கே சரியா ஞாபகம் இல்லையா? ... போட்டுக் காட்டட்டுமா? ... நிஜமாவா? ... இருங்க."

அவள் போனை ஒலிபெருக்கியின் அருகே கொண்டுபோனாள். கத்தரி விசையைத் தட்டினாள். திரையில் நின்றிருந்த முகம் அசைந்தது. பூனையின் காதுக்குப் பின்னால் விரலால் தடவிக்கொண்டே, யாருக்கோ வழி சொல்கிறவர் போலச் சாதாரணமாக அந்த மனிதர் சொன்னார்: "புகை தெரிஞ்சுது. கைதட்டு வந்துக்கிட்டே இருந்துச்சு. நிறுத்த மனசு வரல."

அவ்வளவுதான். பூனை கொட்டாவி விட்டது. கத்தரி நிறுத்தினாள்.

"கேட்டுதா சார்? ... சார்? ... ஹலோ? ... யாரு, அக்காவா? ... அக்கா, நீங்களும் கேட்டீங்களா? ஸ்பீக்கர்லயா வெச்சிருந்தார்? ... எனக்குத் தெரியாதுக்கா, சத்தியமா தெரியாது. நீங்க உள்ள வேலையா இருக்கீங்கன்னு... ... ஆமாக்கா. அவர் குரல்தான். ... ஆமா, அந்தப் புகைதான். ... வீட்டுக்கு வந்து உங்ககிட்டயும் புகைக்கு முன்னாடியே கிளம்பிட்டேன்னுதான் சொன்னாரா? சாப்பிட்டுத் தூங்கினாரா? ... அக்கா, அழாதீங்க. நான் சிரிச்சுக்கிட்டு கூப்பிட்டேன், உங்களை அழ வெச்சுட்டேன் பாருங்க. ... அவர் எங்க? ... வாசல்லயா நிக்கறார்? ... செருப்பில்லாமயா?"

கேமராக்காரர் எழுந்து வந்து அவள் தோளில் கை வைத்தார். அவள் அந்தக் கையைத் தட்டிக் கொடுத்தாள், ஆனால் திரும்பிப் பார்க்கவில்லை.

"என்னக்கா? ... போடுன்னா? நீங்க சொன்னா போதாதுக்கா. அது அவர் சொல்லணும். ... எனக்கும் ஆசைதான். வெறும் ஆசை இல்ல, எங்க அண்ணி இந்த மூணு வரிக்காகக் காத்துக் கிடக்கறாங்க. இருந்தாலும் அவர் வாயால வரணும். ... கூப்பிடறீங்களா? ... இல்லக்கா, திட்டிக் கூட்டிட்டு வராதீங்க... அக்கா... அக்கா!"

போன் எங்கோ வைக்கப்பட்டது. தூரத்தில் ஒரு பெண் குரல் கேட்டது. சொற்கள் தெரியவில்லை, தொனி மட்டும் நன்றாகத் தெரிந்தது. இடையில் ஓர் ஆண் குரல் எழுந்து பாதியிலேயே அமுங்கியது. கொள்கையைக் கொஞ்சம் மெதுவாகச் சொல்லச் சொன்ன அதே மனைவி, இப்போது எதையும் மெதுவாகச் சொல்லவில்லை. மூன்று பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டார்கள். கத்தரி விரல்களைப் பின்னிக்கொண்டு சாமி கும்பிட்டாள். அவளுக்குச் சாமி நம்பிக்கை கிடையாது.

"சார்! ... ஆமா, இங்கயேதான் இருக்கேன், எங்கயும் போகல. ... சரி. ... சரி சார். ... சொல்லுங்க. ... போடச் சொல்றீங்களா? ... நிஜமாவே போடச் சொல்றீங்களா? சார், நான் மறுபடியும் குதிச்சுடுவேன், கீழ்வீட்டுக்காரங்க... ... என்ன? ஒரு நிபந்தனையா? ... சொல்லுங்க. ... என்னது? ... பூனையை எடுத்துடணுமா?"

அவள் போனை வாயிலிருந்து விலக்கி, மற்ற இருவரையும் பார்த்து, சத்தமில்லாமல், 'பூனையை எடுக்கணுமாம்' என்றாள். கேமராக்காரர் அப்படியே மறுபடி தரையில் சரிந்தார்.

"சார், எப்படி எடுக்கறது? அது உங்க மடியில இல்ல இருக்கு! அதை எடுத்தா உங்களையும் சேர்த்துத்தான் எடுக்கணும். ... அழிக்க முடியாதான்னா? உங்க கை அது மேல தடவிட்டே இருக்கு சார், பூனையை அழிச்சா வெறும் காத்தைத் தடவற மாதிரி இருக்கும், ஜனங்க பயந்துடுவாங்க. ... கேலி பண்ணுவாங்களா? ... பண்ணுவாங்க. உங்க ஆளுங்கதானே? பண்ணத்தான் செய்வாங்க. ... சார், எனக்கு ஒண்ணு புரியல. புகை தெரிஞ்சுதுன்னு நீங்க சொன்னது ஊருக்குத் தெரியறது பரவால்ல, 'எழுந்திரு கண்ணு'ன்னு சொன்னது தெரிஞ்சா மானம் போயிடுமா? ... ஆமாவா! ஆமான்னு வேற சொல்றீங்க!"

சிரிப்பு அவளை மறுபடியும் ஆட்கொண்டது. இந்த முறை அவள் அதை அடக்கவில்லை. எதிர்முனையில் அவரும் சிரித்தார். பின்னணியில் அக்கா மூக்கைச் சிந்திக்கொண்டே ஏதோ சொல்வதும், அதற்கும் அவர் சிரிப்பதும் கேட்டது. நடுவில் அவளுக்கு ஒன்று உறைத்தது. தான் யாரோடு சிரிக்கிறோம் என்பது. சிரிப்பு அப்படியே நின்றது. ஆனால் வருத்தமாக இல்லை. விளிம்பில் நின்று கீழே பார்த்தால் வருமே, அந்தக் கிறுகிறுப்பு.

"சரி சார், ஒரு முடிவுக்கு வருவோம். கெஞ்சினதை எடுத்துடறேன். மடியில இருக்கறது இருக்கட்டும். ... சம்மதமா? ... அப்போ அதை முறையா சொல்லிடுங்க. உங்க பேரைச் சொல்லி, எதுக்குச் சம்மதம்னு சொல்லணும், பதிவு பண்ணிக்கறோம். ... இல்ல இல்ல, எங்க வீட்டுக்காரர் கிட்டயே வரல, கையைப் பின்னாடி கட்டிட்டு நிக்கறார். கத்தரிதான் பண்றா. ... ஆங், ஓடுது. சொல்லுங்க. ... சார், மேடைக் குரல் வேணாம். ... இன்னும் கொஞ்சம் இறக்குங்க. ... இன்னும். அக்காகிட்ட தண்ணி கேப்பீங்களே, அந்தக் குரல் போதும். ... அதான். ... அதேதான் சார்."

அவர் சொன்னார். சுருக்கமாகத்தான் சொன்னார். கத்தரி கட்டை விரலை உயர்த்தினாள். போனைப் பிடித்திருந்தவள் கண்ணை மூடிக்கொண்டு முழுவதையும் கேட்டாள்.

"ரொம்ப நன்றி சார். ... அந்த இடத்துல கைதட்டல் சத்தம் சேர்ப்பீங்களான்னா? இல்ல. ... பாட்டும் போட மாட்டோம். நீங்க சொல்லிட்டு சும்மா இருந்தீங்க இல்ல, அது அப்படியே இருக்கும். ... மொதல்ல யாருக்குக் காட்டுவேனா? எங்க அண்ணிக்கு. ... இந்த அறையிலதான். அவங்க ஒருத்தர் மட்டும். ... நீங்களா? இல்ல சார், நீங்க வரக் கூடாது. ... அவங்க பார்த்துட்டு வேணாம்னு சொன்னாங்கன்னா? ... அப்போ வேணாம். எடுத்துடுவேன். ... ஆமா சார், இவ்வளவு கெஞ்சி வாங்கினதையும்தான். நீங்க குடுத்தாச்சு, இனிமே அது அவங்களோடது. ... சிரிக்காதீங்க, நிஜமாத்தான் சொல்றேன்."

அவர் சிரிக்கவில்லை என்பது அவளுக்குச் சற்றுத் தாமதமாகத்தான் புரிந்தது.

"என்ன சார்? ... அவங்ககிட்டயா? நீங்களா? ... நம்பர் தர மாட்டேன். அது என் கையில இல்ல. ... வேணும்னா என்கிட்ட சொல்லுங்க, ஒரு எழுத்து மாத்தாம போய்ச் சொல்றேன். உங்க பேச்சை மனப்பாடமா சொன்னவதானே, இதையும் சொல்லிடுவேன். ... சொல்லுங்க. ... சார்? ... இருக்கீங்களா? ... மூச்சு கேக்குது, இருக்கீங்க. ... அவசரமில்ல சார். நிதானமா யோசிச்சுச் சொல்லுங்க. இங்க யாரும் கைதட்டப் போறதில்ல."

எதிர்முனையில் தொண்டையைச் செருமும் சத்தம் கேட்டது. ஒருமுறை, பிறகு இன்னொரு முறை. அவள் காதோடு போனை அழுத்திக்கொண்டு காத்திருந்தாள். பிறகு, தூங்குகிற குழந்தையின் பக்கத்தில் வைப்பதுபோல அவ்வளவு மெதுவாக, அவர் போனை வைத்தார்.